டயோஃபாண்டஸ் ஒரு வயசுல செத்துட்டாரா?

(எபிசோடின் எழுத்து வடிவம். பேச்சு நடையை முடிந்தவரை அப்படியே விட்டிருக்கிறோம். ஆடியோவில் வாயால் சொன்ன கணக்குகளை, படிக்க வசதியாக எண்களில் எழுதியிருக்கிறோம்.)

இன்னைக்கு எபிசோடுக்கு ஒரு பேனாவும் பேப்பரும் பக்கத்துல இருந்தா நல்லது. பஸ்லயோ டிரெயின்லயோ நின்னுக்கிட்டு கேக்குறீங்கன்னா பரவால்ல, சும்மா கேளுங்க, வீட்டுக்குப் போய் எழுதிப் பாத்துக்கலாம். வண்டி ஓட்டிக்கிட்டு கேக்குறவங்க கணக்கை விட்டுட்டு ரோட்டைப் பாருங்க.

போன மாசம் நமக்கு ஒரு வாய்ஸ் நோட் வந்துச்சு. அனுப்பினவங்களுக்குப் பகல்ல துணிக்கடையில பில்லிங் வேலை, ராத்திரி அரசுத் தேர்வுக்குப் படிப்பு. ரெண்டு தடவை எழுதி, ரெண்டு தடவையும் கொஞ்ச மார்க்குல போயிடுச்சாம். அவங்க சொன்னது இது: "அண்ணா, கணக்குல பின்னம் வந்துட்டா அந்தக் கேள்வியை அப்படியே விட்டுட்டு அடுத்ததுக்குப் போயிடுவேன். எனக்கு மேத்ஸ் வராது. அது எட்டாவதுலயே தெரிஞ்சுபோச்சு."

இந்த "மேத்ஸ் வராது"ங்கிற பேச்சை நான் பொதுவா நம்புறதில்ல. பில்லிங்ல உட்காந்திருக்கிறவங்க சொன்னா சுத்தமா நம்புறதில்ல. சரி, நீங்க போட்டுப் பாத்த நோட்டை போட்டோ எடுத்து அனுப்புங்கன்னு கேட்டேன். ஒன்பது கணக்கு வந்துச்சு. ரெண்டு சரி, ஏழு தப்பு. ஒவ்வொண்ணா உட்காந்து பாத்தேன். மீச்சிறு பொது மடங்கு, அதான் எல்.சி.எம்., எல்லாத்துலயும் சரியா எடுத்திருக்காங்க. கூட்டல் கழித்தல் சரி. ஆனா ஏழு தப்புல அஞ்சு, அச்சு எடுத்த மாதிரி ஒரே தப்பு. மீதி ரெண்டு தப்பும் அதோட பங்காளிங்கதான்.

அதாவது பிரச்சனை மேத்ஸ் இல்ல. ஒரு வரி. அந்த வரியைத்தான் இன்னைக்குப் பிரிச்சுப் பாக்கப் போறோம்.

முதல்ல ஒரு கதை. டயோஃபாண்டஸ்னு ஒரு கிரேக்கக் கணித மேதை, எகிப்துல இருக்கிற அலெக்சாண்ட்ரியாவுல இருந்தவர். கி.பி. 3-ஆம் நூற்றாண்டுன்னு பெரும்பாலும் சொல்வாங்க. 'அரித்மெட்டிகா'ன்னு சமன்பாடுகள் பத்தி ஒரு புத்தகம் எழுதினவர். அவரோட வாழ்க்கையைப் பத்தி நமக்கு அநேகமா எதுவுமே தெரியாது. ஆனா அவர் எத்தனை வயசு வரைக்கும் இருந்தார்னு ஒரு புதிர்ப்பாட்டு இருக்கு. பழைய கிரேக்கப் பாடல் தொகுப்பு ஒண்ணுல, அவரோட கல்லறை வாசகம் மாதிரி வருது. நிஜக் கல்லறையில இருந்ததா, யாராவது கணக்குப் பைத்தியம் ஜாலியா எழுதினதான்னு கேக்காதீங்க, நமக்குக் கணக்குதான் முக்கியம்.

விஷயம் இதுதான். அவர் ஆயுசுல ஆறுல ஒரு பங்கு சின்னப் பையனா கழிஞ்சுது. அதுக்கப்புறம் பன்னிரண்டுல ஒரு பங்கு போனதும் தாடி முளைச்சுது. அப்புறம் ஏழுல ஒரு பங்கு போனதும் கல்யாணம். கல்யாணம் ஆகி 5 வருஷத்துல ஒரு பையன். அந்தப் பையன் அப்பாவோட மொத்த ஆயுசுல பாதி மட்டும் வாழ்ந்து செத்துட்டான். மகன் போன துக்கத்துல 4 வருஷம் இருந்துட்டு இவரும் போயிட்டார். எத்தனை வயசு?

வயசுக்கு 'வ'ன்னு வச்சுக்கலாம். எக்ஸ்தான் வைக்கணும்னு சட்டம் ஒண்ணும் இல்ல. நம்ம நாட்டுப் பழைய கணித நூல்கள்ல தெரியாத எண்ணுக்கு 'யாவத்-தாவத்'னு பேர், "எவ்வளவோ அவ்வளவு"ன்னு அர்த்தம். அதைச் சுருக்கி 'யா'ன்னு எழுதுவாங்க. ஒண்ணுக்கு மேல தெரியாத எண் வந்தா நிறங்களோட முதல் எழுத்தைப் போடுவாங்க. அதனால நாம 'வ' போடுறதுல தப்பில்ல.

வ/6 + வ/12 + வ/7 + 5 + வ/2 + 4 = வ

பாத்தவுடனே வயித்தைக் கலக்குற மாதிரி இருக்குல்ல? நம்ம நோட்டு போட்டோக்காரங்க இதை எப்படிப் போட்டிருப்பாங்கன்னு அவங்க கையெழுத்துலயே நான் போட்டுப் பாத்தேன். 6, 12, 7, 2, இதுங்களோட எல்.சி.எம். 84. சரி. 84-ஆல பெருக்கு. வ/6 வந்து 14வ ஆச்சு. வ/12 வந்து 7வ. வ/7 வந்து 12வ. வ/2 வந்து 42வ. வலது பக்கம் 84வ. இந்தா வருது அந்த வரி:

14வ + 7வ + 12வ + 5 + 42வ + 4 = 84வ

75வ + 9 = 84வ. அப்ப 9வ = 9. வ = 1.

டயோஃபாண்டஸ் ஒரு வயசுல செத்துட்டார். தாடி வளத்து, கல்யாணம் பண்ணி, அஞ்சு வருஷம் காத்திருந்து புள்ளை பெத்து, அந்தப் புள்ளையையும் பறிகொடுத்துட்டு, மொத்தம் ஒரே ஒரு வயசு.

எனக்கு இந்தத் தப்பான விடை ரொம்பப் பிடிக்கும். ஏன்னா விடை 3.7-ன்னு அசிங்கமா வந்திருந்தா நமக்கே சந்தேகம் வரும். இது அழகா, முழு எண்ணா, "நான்தான் சரி"ன்னு சொல்லிக்கிட்டு வந்து நிக்குது. பரீட்சையில நாலு ஆப்ஷன்ல ஒண்ணா இதுவும் இருந்தா, கண்ணை மூடிட்டு வட்டம் போட்டுட்டுப் போயிடுவோம்.

என்ன நடந்துச்சு? பின்னத்தையெல்லாம் 84-ஆல பெருக்கினோம். 5-ஐயும் 4-ஐயும் அப்படியே விட்டுட்டோம்.

ஏன் விட்டோம்ங்கிறதை யோசிச்சா, அதுக்கு ஒரு நியாயம் இருக்கு. 'பின்னம்'ங்கிற வார்த்தைக்கே உடைஞ்சதுன்னுதான் அர்த்தம். கோயில்ல சிலை உடைஞ்சா பின்னமாயிடுச்சும்பாங்க. சின்னாபின்னம்னு சொல்றோம். 'அல்ஜீப்ரா' வந்த அரபிச் சொல் 'அல்-ஜப்ர்', அதுக்கு உடைஞ்சதைச் சேர்த்து வைக்கிறதுன்னு பொருள். ஸ்பெயின்ல ஒரு காலத்துல எலும்பு கட்டுறவங்களுக்கே அல்ஜீப்ரிஸ்டான்னு பேர் இருந்துச்சு. நம்ம ஊர் பாஷையில சொன்னா அல்ஜீப்ராங்கிறது புத்தூர் கட்டு. இப்ப நம்ம மூளை என்ன பண்ணுது? வ/6-க்கு எலும்பு முறிஞ்சிருக்கு, கட்டு போடு. வ/7-க்கு முறிஞ்சிருக்கு, கட்டு போடு. 5-க்கு என்ன கேடு? நல்லாத்தானே நிக்குது, அதுக்கு எதுக்குக் கட்டு? இப்படித்தான் 5 தப்பிச்சுப் போகுது.

ஆனா 84-ஆல பெருக்குறது வைத்தியம் இல்லங்க. நாம ஒவ்வொரு பின்னத்தையும் தனித்தனியா சரி பண்ணல. தராசோட இடது தட்டு முழுசையும் 84 மடங்கு ஆக்குறோம், வலது தட்டு முழுசையும் 84 மடங்கு ஆக்குறோம். ரெண்டும் முன்னாடி சமமா இருந்துச்சு, இப்பவும் சமமாவே இருக்கும். அதுதான் நமக்கு இருக்கிற ஒரே உரிமை. எழுதினா இப்படி இருக்கும்:

84 × (வ/6 + வ/12 + வ/7 + 5 + வ/2 + 4) = 84 × வ

அந்த அடைப்புக்குறியைத்தான் எல்லாரும் அவசரத்துல எழுதாம விடுறோம். அதை எழுதிட்டா, அடுத்த வேலை அடைப்புக்குறியைத் திறக்குறது. வெளியில நிக்குற 84 உள்ள இருக்கிற ஒவ்வொரு ஆளையும் தனித்தனியாப் போய்ப் பாக்கணும். இதுக்குப் பேர்தான் பங்கீட்டுப் பண்பு. இங்கிலீஷ் மீடியத்துல படிச்சவங்களுக்கு டிஸ்ட்ரிபியூட்டிவ் ப்ராப்பர்ட்டி. ஏழாவது எட்டாவதுல ஒரு கட்டத்துக்குள்ள போட்டிருப்பாங்க, மனப்பாடம் பண்ணி எழுதி மார்க் வாங்கிட்டு மறந்திருப்போம்.

'பங்கீடு'ங்கிற பேர் மேல எனக்கு ஒரு சின்ன வருத்தம் உண்டு. பங்கீடுன்னா ஒண்ணைப் பிரிச்சு ஆளுக்குக் கொஞ்சம் குடுக்குறதுன்னு தோணும். இங்க 84-ஐ யாரும் பிரிக்கல. வ/6-க்கும் முழு 84, 5-க்கும் முழு 84. கல்யாணப் பந்தியை நினைச்சுக்கோங்க. வடை பரிமாறுறவர் ஒரு வடையை வரிசை முழுக்கப் பிச்சுப் போட மாட்டார். ஒவ்வொரு இலைக்கும் ஒரு முழு வடை. ஒரு இலையை விட்டுட்டு நகர்ந்தா என்ன ஆகும்னு உங்களுக்குத் தெரியும், சித்தப்பா எந்திரிச்சுப் போயிடுவார்.

இதை நீங்க தினமும் சரியாத்தான் பண்றீங்க, அதுதான் வேடிக்கை. தக்காளி கிலோ 80 ரூபா. மூணேகால் கிலோ எவ்வளவு? மூணு கிலோ 240, கால் கிலோ 20, மொத்தம் 260. யாராவது "240-ம் ஒரு காலும்"னு சொல்லுவாங்களா? 80-ஐ மூணுக்கும் குடுத்தீங்க, காலுக்கும் குடுத்தீங்க. 80 × (3 + 1/4). இதே மாதிரி கிலோ 98 ரூபா, 7 கிலோ வேணும்னா, நூறு வச்சு எழுநூறு, அதுல பதினாலு போக அறுநூத்தி எண்பத்தாறும்பார் கடைக்காரர். 7 × (100 − 2). அவர் 700-ல 2-ஐ மட்டும் கழிச்சா அவருக்குத்தான் லாபம், ஆனா நாம விட மாட்டோம். கடையில ஒருநாளும் பண்ணாத தப்பை நோட்டுல மட்டும் பண்றோம்.

சரி, டயோஃபாண்டஸை உயிர்ப்பிச்சு விடுவோம். இந்தத் தடவை எல்லா இலைக்கும் 84:

14வ + 7வ + 12வ + 420 + 42வ + 336 = 84வ

75வ + 756 = 84வ. 9வ = 756. வ = 84.

சரி பாக்கலாம். 14 வயசு வரைக்கும் சின்னப் பையன். 21-ல தாடி. 33-ல கல்யாணம். 38-ல பையன் பொறந்தான். பையன் 42 வருஷம் வாழ்ந்தான், அப்ப அப்பாவுக்கு 80. நாலு வருஷம் கழிச்சு 84. கச்சிதமா உக்காருது.

எல்.சி.எம். கண்டுபிடிக்கவே தடுமாறுறவங்களுக்கு ஒரு விஷயம். எல்.சி.எம்.தான் வேணும்னு கட்டாயம் இல்ல. 6, 12, 7, 2 நாலையும் பெருக்கினா 1008. அதாலயும் பெருக்கலாம், விடை மாறாது. எண்கள் பெருசா வரும், கை வலிக்கும், அவ்வளவுதான். பரீட்சை ஹாலுல பதட்டத்துல எல்.சி.எம். வரலன்னா கேள்வியை விட்டுட்டுப் போக வேண்டியதில்ல.

இப்ப பங்காளித் தப்புகளுக்கு வருவோம். முதல் பங்காளி, கொஞ்சம் தந்திரக்காரன். இதுக்கு நம்ம நாட்டுக் கணக்கு ஒண்ணே இருக்கு. இரண்டாம் பாஸ்கரர் 1150-ல எழுதின 'லீலாவதி'யில வர்ற தேனீக் கணக்கு. ஒரு தேனீக்கூட்டம். அதுல அஞ்சுல ஒரு பங்கு கடம்பம் பூவுக்குப் போச்சு. மூணுல ஒரு பங்கு வேற ஒரு பூவுக்குப் போச்சு. இந்த ரெண்டு கூட்டத்துக்கும் இருக்கிற வித்தியாசத்தைப் போல மூணு மடங்கு மூணாவது ஒரு பூவுக்குப் போச்சு. கடைசியா ஒரே ஒரு தேனீ மட்டும் தாழம்பூ பக்கம் போறதா மல்லிகை பக்கம் போறதான்னு தெரியாம காத்துல சுத்திக்கிட்டு இருக்கு. மொத்தம் எத்தனை? கணக்குப் புத்தகத்துல அந்தக் கடைசித் தேனீ மேல எனக்கு எப்பவும் ஒரு பிரியம்.

தேனீக்கு 'தே'.

தே/5 + தே/3 + 3(தே/3 − தே/5) + 1 = தே

15-ஆல பெருக்கணும். முதல் இலை 3தே. ரெண்டாவது இலை 5தே. கடைசி இலை 15, அந்த ஒத்தைத் தேனீயை மறந்துடாதீங்க. மறந்தா தே = 1-ன்னு வரும், ஒரு தேனீ தன்னைத்தானே அஞ்சாப் பிச்சுக்கிட்டுக் கடம்பத்துக்குப் போகணும். நடுவுல இருக்கிற மூணாவது இலைதான் சிக்கல். 15 × 3(தே/3 − தே/5). இப்பத்தான் எல்லாருக்கும் 15 குடுக்கணும்னு படிச்சோம். அந்த உற்சாகத்துல வெளியில இருக்கிற 3-க்கும் ஒரு 15 குடுத்து 45 ஆக்கிட்டு, உள்ள இருக்கிற பின்னங்களுக்கும் 15 குடுத்து 5தே − 3தே ஆக்கிட்டு, 45 × 2தே, 90தேன்னு எழுதிடுவோம். அப்புறம் கூட்டிப் பாத்தா தேனீங்க எண்ணிக்கை பூஜ்ஜியத்துக்குக் கீழ போயிடும்.

இங்க கவனிக்க வேண்டியது, எது ஒரு இலைங்கிறது. பாடப்புத்தகத்துல இதுக்கு 'உறுப்பு'ன்னு பேர். இலைகளைப் பிரிக்கிறது கூட்டல் குறியும் கழித்தல் குறியும் மட்டும்தான். அதுவும் அடைப்புக்குறிக்கு வெளியில இருக்கிறது. 3-ம் அந்த அடைப்புக்குறியும் பெருக்கல்ல ஒட்டியிருக்கு, அதனால அது ரெண்டும் சேர்ந்து ஒரே இலை. ஒரு இலைக்கு ஒரு வடைதான். 15-ஐ உள்ள குடுத்தாச்சுன்னா 3-க்குக் கிடையாது: 3(5தே − 3தே), அதாவது 6தே. 10 × 3 × 2 எவ்வளவு? 60. யாரும் 3-க்கு ஒரு 10, 2-க்கு ஒரு 10 குடுத்து 30 × 20 = 600-ன்னு சொல்ல மாட்டோம்ல, அதே விஷயம்தான்.

3தே + 5தே + 6தே + 15 = 15தே. தே = 15. மூணு தேனீ, அஞ்சு தேனீ, வித்தியாசம் ரெண்டோட மூணு மடங்கு ஆறு தேனீ, சுத்துற தேனீ ஒண்ணு. பாஸ்கரர் கணக்கு எப்பவும் இப்படி இனிப்பாத்தான் முடியும்.

ரெண்டாவது பங்காளி கழித்தல் குறி. இதுக்குத் தேனீ வேணாம், நம்ம வாழ்க்கையையே எடுத்துக்கலாம். சென்னையில ரெண்டு பேர் ஒரு வீடு எடுத்துத் தங்கியிருக்காங்க. மாச வாடகை 'வா', அதுக்கு மேல பராமரிப்புக்கு 2000. ரெண்டு பேரும் சமமாப் பிரிச்சுக்குறாங்க. மூணாவதா ஒரு நண்பர் வர்றேங்குறார். அதே தெருவுல வேற ஒரு வீடு, வாடகை இதைவிட 1000 குறைவு, பராமரிப்புன்னு தனியா கேக்க மாட்டாங்க, மூணாப் பிரிச்சுக்கலாம். கணக்குப் பாத்தா ஆளுக்கு மாசம் 4500 மிச்சம். அப்ப இப்போ குடுக்குற வாடகை எவ்வளவு?

(வா + 2000)/2 − (வா − 1000)/3 = 4500

6-ஆல பெருக்குறோம். பகுதியில இருக்கிற 2-ம் 3-ம் போயிடும். அது போகும்போது கூடவே பின்னக் கோடும் போயிடுது. இங்கதான் ஆபத்து. பின்னத்துக்கு நடுவுல போடுற அந்தக் கோடு வெறும் கோடு இல்ல, அது ஒரு அடைப்புக்குறி. மேல இருக்கிற வா − 1000-ஐ "நீங்க ரெண்டு பேரும் ஒரே குடும்பம்"னு கட்டி வச்சிருந்ததே அந்தக் கோடுதான். கோட்டை எடுத்தா, அந்த எடத்துல அடைப்புக்குறியைப் போட்டே ஆகணும்:

3(வா + 2000) − 2(வா − 1000) = 27000

ரெண்டாவது அடைப்புக்குறிக்குள்ள போறது 2 இல்ல, −2. அது வா-வையும் பாக்கணும், −1000-ஐயும் பாக்கணும். −2 × −1000, அது +2000.

3வா + 6000 − 2வா + 2000 = 27000. வா + 8000 = 27000. வாடகை 19,000.

சரி பாக்கலாம். 19,000-ம் 2000-ம் 21,000, பாதி 10,500. புது வீடு 18,000, மூணாப் பிரிச்சா 6000. மிச்சம் 4500. சரி.

கழித்தல் குறி வா-வை மட்டும் பாத்துட்டு 1000-ஐப் பாக்காமப் போயிருந்தா −2வா − 2000-ன்னு எழுதியிருப்போம், வாடகை 23,000-ன்னு வந்திருக்கும். அதுவும் நம்புற மாதிரி தொகைதான். அந்த நோட்டுல இருந்த ஏழாவது தப்பு இதே ஜாதி. பின்னத்துக்கு முன்னாடி கழித்தல் குறி பாத்தாலே, மேல இருக்கிறதைச் சுத்தி பென்சில்ல ஒரு அடைப்புக்குறி போட்டுடுங்க, கணக்கைத் தொடங்குறதுக்கு முன்னாடியே. அஞ்சு செகண்டு வேலை.

இன்னொண்ணு, இது அவங்க நோட்டுல இல்ல, ஆனா பசங்களுக்குச் சொல்லிக்குடுக்கும்போது அடிக்கடி பாக்குறேன். வ/2 + வ/3-ஐச் சுருக்குன்னு மட்டும் கேள்வி. சமன் குறியே கிடையாது. ஆளுங்க உடனே 6-ஆல பெருக்கி 3வ + 2வ, விடை 5வ-ன்னு எழுதிடுறாங்க. தராசுல ரெண்டு தட்டு இருந்தாத்தான் ரெண்டையும் ஆறு மடங்காக்கலாம். இங்க ஒரு தட்டுதான் இருக்கு. இது சமன்பாடு இல்ல, கோவை. ஆறு மடங்காக்கினா பொருளே மாறிப்போச்சு. சரியான விடை 5வ/6. கையில இருக்கிற ஐநூறு ரூபாயை யாரோ மூவாயிரம்னு எழுதி வச்ச மாதிரி ஆயிடும். குறுக்குப் பெருக்கலும் இப்படித்தான், இந்தப் பக்கம் ஒரே ஒரு பின்னம், அந்தப் பக்கம் ஒரே ஒரு பின்னம்னு இருந்தாத்தான் செல்லும். நடுவுல ஒரு + 5 உக்காந்திருந்தா குறுக்க பெருக்கக் கூடாது.

இந்த முறையெல்லாம் வராத காலத்துல என்ன பண்ணாங்கன்னு கேட்டா, அது இன்னும் சுவாரஸ்யம். லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்துல ரைண்ட் பாப்பிரஸ்னு ஒண்ணு இருக்கு. எகிப்துல அஹ்மெஸ்ங்கிற எழுத்தர் சுமார் கி.மு. 1550 வாக்குல, அதைவிடப் பழைய ஒரு சுவடியைப் பாத்து எழுதினது. அதுல 24-ஆவது கணக்கு: ஒரு அளவும், அதோட ஏழுல ஒரு பங்கும் சேர்ந்தா 19. அந்த அளவு என்ன?

அவங்ககிட்ட எக்ஸும் இல்ல, வ-வும் இல்ல. அஹ்மெஸ் பண்ணது, விடை 7-ன்னு வச்சுக்கன்னு ஆரம்பிக்கிறார். 7-ம் அதோட ஏழுல ஒண்ணும் சேர்ந்தா 8. நமக்கு வேண்டியது 19. 8 எத்தனை மடங்கானா 19 ஆகும்? 2 முழுசு, 3/8. அந்த மடங்கால 7-ஐப் பெருக்கு. 16 முழுசு, 5/8. நம்ம பாட்டிங்க பாஷையில பதினாறரையே அரைக்கால்.

ஏன் 7? பின்னம் வராம இருக்கத்தான். நாம எல்.சி.எம். எடுக்குறோமே, அதே புத்தி. அந்த மடங்கு வேலை செய்யுறதுக்குக் காரணமும் நம்ம பங்கீட்டுப் பண்புதான். அளவை ரெண்டு மடங்காக்கினா அதோட ஏழுல ஒண்ணும் ரெண்டு மடங்காகும், அதனால கூட்டுத்தொகையும் ரெண்டு மடங்காகும். பேர் வைக்காம, கட்டம் போடாம, மூவாயிரத்து ஐநூறு வருஷத்துக்கு முன்னாடி இதை ஆளுங்க பயன்படுத்திக்கிட்டு இருந்திருக்காங்க.

இதே வழியில டயோஃபாண்டஸை மனசுக்குள்ளேயே போடலாம். வயசு 84-ன்னு வச்சுக்கோங்க. ஆறுல ஒண்ணு 14, பன்னிரண்டுல ஒண்ணு 7, ஏழுல ஒண்ணு 12, பாதி 42. கூட்டினா 75. 84-ல மீதி 9. கதையில பங்கா வராம தனியா நிக்குற வருஷங்கள் 5-ம் 4-ம், 9. அப்படியே பொருந்திடுச்சு, மடங்கு 1. பாட்டுல 5-ம் 4-ம் இல்லாம 10-ம் 8-ம் இருந்திருந்தா மடங்கு 2, மனுஷன் 168 வயசு. அந்த 5-ம் 4-ம்தான் அவர் ஆயுசையே தீர்மானிக்குது. அதைத்தான் நாம பெருக்காம விட்டோம்.

நோட்டு அனுப்பினவங்ககிட்ட ரெண்டு விஷயம் மட்டும் பண்ணச் சொன்னேன். ஒண்ணு, எல்.சி.எம். எடுத்ததும் இடது பக்கம் முழுசையும் ஒரு அடைப்புக்குறி, வலது பக்கம் முழுசையும் ஒரு அடைப்புக்குறி போட்டு ஒரு வரி எழுதுங்க. நேரம் போகுதேன்னு பாக்காதீங்க. ரெண்டு, ஒவ்வொரு உறுப்பைப் பெருக்கினதும் அது மேல ஒரு சின்னப் புள்ளி வைங்க. கடைசியில புள்ளி இல்லாத இலை இருக்கான்னு பாருங்க. ஒரு வாரம் கழிச்சு அதே ஏழு கணக்கைத் திரும்பப் போட்டு அனுப்பினாங்க. ஆறு சரி. ஏழாவதுல எல்லா இலைக்கும் புள்ளி இருந்துச்சு, அடைப்புக்குறி இருந்துச்சு, 7 × 8 = 54-ன்னு எழுதியிருந்தாங்க. "பில்லிங்ல மெஷின் போட்டுடும்ணா"ன்னு ஒரு சிரிப்பு எமோஜி.

அவங்களுக்கும் உங்களுக்கும் ஒரு கணக்கு. ஒரு தண்ணி டேங்க். அதோட கொள்ளளவுல நாலுல ஒரு பங்கு தண்ணியோட 3 குடம் சேர்த்தா வர்ற அளவும், ஆறுல ஒரு பங்கோட 5 குடம் சேர்த்தா வர்ற அளவும் ஒண்ணு. டேங்க் எத்தனை குடம் பிடிக்கும்? ஆப்ஷன்: 2, 12, 24, 48. நாலுல ஒண்ணு, எல்லா இலைக்கும் பரிமாறினா வரும். இன்னொண்ணு, 3-ஐயும் 5-ஐயும் மறந்தா வரும். ரெண்டையும் கண்டுபிடிச்சு, எது எதுன்னு எழுதி அனுப்புங்க. அடுத்த வாரம் பாக்கலாம்.